வெடித்துக் கிடந்தால் வறட்சியா? கரிசல் காட்டைப் படம்பிடிக்க ஒருநாள் போதாது!

செய்தி டெஸ்க்கில் வேலை பார்க்கும் எல்லோருக்கும் இது தெரியும். போட்டோ ஃபோல்டரில் 'விவசாயி' என்று தேடினால் இரண்டே இரண்டு படங்கள்தான் மாறி மாறி வரும். ஒன்று, பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும் நிலம். இன்னொன்று, அந்த நிலத்தில் குத்தவைத்து உட்கார்ந்து, நெற்றிக்கு மேல் கையை வைத்து வானத்தைப் பார்க்கும் பெரியவர். வறட்சிச் செய்தியா, கடன் தள்ளுபடியா, பட்ஜெட்டா... எதுவாக இருந்தாலும் இந்த இரண்டில் ஒன்றை வைத்துவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுவோம்.

அருப்புக்கோட்டையில் இருந்து திருச்சுழி போகும் வழியில், கோடைக்காலத்தில் எந்த இடத்தில் வண்டியை நிறுத்தினாலும் இந்த முதல் படம் கிடைக்கும். கை நுழையும் அளவுக்கு வெடிப்பு. செல்போனைக் கொஞ்சம் தாழ்த்திப் பிடித்தால் போதும், பார்க்கிறவர்களுக்கு நெஞ்சு பதறும்.

ஆனால், ஒரு விஷயம். கரிசல் மண் என்றால் கோடையில் வெடிக்கத்தான் செய்யும். அது அதன் குணம். இந்த மண்ணில் இருக்கும் களி, தண்ணீர் பட்டால் ஊதிப் பெருக்கும், காய்ந்தால் சுருங்கும். சுருங்கும்போது வெடிப்பு விழும். மேலே இருக்கிற பொடிமண் அந்த வெடிப்புக்குள் சரிந்து இறங்கும். மழை வந்து மண் மறுபடி ஊதும்போது அடிமண்ணும் மேல்மண்ணும் கலந்துவிடும். மண் தன்னைத்தானே உழுதுகொள்கிறது என்று வேளாண் விஞ்ஞானிகள் இதைச் சொல்வார்கள். முதல் மழை வழிந்தோடாமல் நேராக உள்ளே இறங்குவதும் அந்த வெடிப்பு வழியாகத்தான். ஆக, நாம் 'செத்துப்போன நிலம்' என்று தலைப்புப் போடுகிற படத்தில் இருப்பது, அடுத்த வெள்ளாமைக்காக வாயைத் திறந்துவைத்துக் காத்திருக்கிற நிலமாகவும் இருக்கலாம்.

எது நிஜமான வறட்சி, எது வழக்கமான கோடை என்று ஒரு போட்டோவை வைத்துச் சொல்ல முடியாது. புரட்டாசியில் திரும்பி வந்து பார்க்க வேண்டும். ஐப்பசியில் இன்னொரு முறை வர வேண்டும். தையில் களத்துமேட்டில் நிற்க வேண்டும். அப்படி வந்தவர்கள் யார்? விவசாய வாழ்க்கையைப் படமாக எடுத்தவர்களில், அறுவடைவரை காத்திருந்தவர்கள் யார் என்று தேடிப் பார்த்ததில் கிடைத்த கதைகள்தான் இந்தக் கட்டுரை.

மண்டை ஓடு இருந்தால்தான் கேமரா வருமா?

2016-ல் வடகிழக்குப் பருவமழை தமிழ்நாட்டைக் கைவிட்டது நினைவிருக்கிறதா? வழக்கமாகப் பெய்ய வேண்டியதைவிட 62 சதவிகிதம் குறைவு. 2017 ஜனவரி 10-ம் தேதி அத்தனை மாவட்டங்களையும் வறட்சி பாதித்தவையாகத் தமிழக அரசு அறிவித்தது. அந்த மார்ச் மாதம் அய்யாக்கண்ணு தலைமையில் டெல்லி ஜந்தர் மந்தருக்குப் போன விவசாயிகள், மண்டை ஓடுகளைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார்கள். எலியை வாயில் கவ்விக்கொண்டு நின்றார்கள்.

கேலி செய்தவர்களும் உண்டு. ஆனால், அவர்கள் ஒன்றைச் சரியாகப் புரிந்துவைத்திருந்தார்கள். சும்மா உட்கார்ந்தால் கேமரா வராது. பயிர் கருகியது என்று சொன்னால் வராது. மண்டை ஓடு இருந்தால் வரும். இதற்கு வெட்கப்பட வேண்டியது அவர்கள் அல்ல, மைக்கைப் பிடித்துக்கொண்டு போகும் எங்களைப் போன்றவர்கள்தான்.

பத்திரிகையாளர் பி.சாய்நாத் 1990-களில் நாட்டின் மிக ஏழ்மையான மாவட்டங்களைத் தேடித்தேடிப் போனபோது, அந்தப் பட்டியலில் ராமநாதபுரமும் புதுக்கோட்டையும் இருந்தன. அருப்புக்கோட்டையும் திருச்சுழியும்கூட 1985 வரை பழைய ராமநாதபுரம் மாவட்டத்தில்தான் இருந்தன. 1996-ல் வந்த அவருடைய புத்தகத்தின் பெயரே 'நல்ல வறட்சி என்றால் எல்லோருக்கும் பிடிக்கும்' என்ற பொருளில் அமைந்தது. வறட்சி வந்தால் யார் யாருக்கு லாபம் என்பதுதான் அவருடைய கேள்வி. அவர் விதர்பாவின் பருத்தி விவசாயிகளைத் தேடிப் போவதைப் பின்தொடர்ந்து தீபா பாட்டியா எடுத்த 'நீரோஸ் கெஸ்ட்ஸ்' (2009) ஆவணப்படம், அந்தக் கேள்வியை நம் பக்கமாகத் திருப்புகிறது. ரோமை ஆண்ட நீரோ, விருந்துக்கு வெளிச்சம் வேண்டும் என்று கைதிகளை எரித்தானாம். நீரோ எப்படிப்பட்டவன் என்பதை விடுங்கள், அந்த விருந்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எப்படிப்பட்டவர்கள் என்று படம் கேட்கிறது. சோற்றைப் பிசைந்துகொண்டே செல்போனில் பார்க்கிற படமில்லை அது.

வயலுக்கே குடிபோன டைரக்டர்

இப்போது கொஞ்சம் தூரம் போவோம், ஜப்பானுக்கு. அங்கே ஒகாவா ஷின்சுகே என்று ஓர் ஆவணப்பட இயக்குநர் இருந்தார். 1960-களில் டோக்கியோவுக்குப் பக்கத்தில் நரிதா விமான நிலையம் கட்டுவதற்காக விளைநிலங்களை எடுக்க அரசு இறங்கியது. விவசாயிகள் எதிர்த்து நின்றார்கள். ஒகாவாவும் அவருடைய குழுவும் அந்த ஊரிலேயே தங்கி, போராட்டத்தை 1968 முதல் வரிசையாகப் பல படங்களாக எடுத்தார்கள்.

எடுக்க எடுக்க அவர்களுக்கு ஒன்று உறைத்தது. இந்த மக்கள் ஒரு துண்டு நிலத்துக்காக ஏன் உயிரைக் கொடுக்கிறார்கள்? அதைப் புரிந்துகொள்ளாமல் போராட்டத்தை மட்டும் எடுத்து என்ன பிரயோஜனம்? 1970-களின் நடுவில் மொத்தக் குழுவும் மூட்டை முடிச்சைக் கட்டிக்கொண்டு யமகதா பகுதியில் இருக்கும் மகினோ என்ற கிராமத்துக்குக் குடிபோனது. நிலத்தை வாங்கிக் காட்டுவதற்காக அல்ல. குத்தகைக்குப் பிடித்து, நெல் விதைத்து, களை எடுத்து, அறுத்து, கற்றுக்கொள்வதற்காக. கிட்டத்தட்ட பதின்மூன்று வருஷங்கள்!

அங்கிருந்து வந்த படங்களில் ஒன்று, ஃபுருயாஷிகி என்ற மலைக் கிராமத்தைப் பற்றியது (1982). குளிர் அடித்து நெல் பதராகிப் போகிறது. ஏன் சில வயல்களில் மட்டும் அதிகம்? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு படம் போகிறது. ஊரின் மேடு பள்ளத்தை அப்படியே மாதிரியாகச் செய்து, அதன் மேல் வெண்புகையை விட்டு, குளிர்காற்று எந்த வழியாக இறங்கி எந்த வயலில் தேங்குகிறது என்று காட்டுகிறார்கள். மூன்றரை மணி நேரப் படம். நடுவே ஊர்ப் பெரியவர்கள் கரி சுட்ட கதையையும் போருக்குப் போன கதையையும் சொல்கிறார்கள். 1984-ல் பெர்லின் திரைப்பட விழாவில் விமர்சகர்கள் விருது கிடைத்தது.

1987-ல் வந்த மகினோ கிராமப் படத்தில் நெற்பூ பூப்பதைப் பக்கத்தில் வைத்து எடுத்திருப்பார்கள். பூ கொஞ்ச நேரம்தான் திறந்திருக்கும். அந்தக் கொஞ்ச நேரத்துக்காக எத்தனை நாள் வரப்பில் உட்கார்ந்தார்களோ! அந்த ஊர் மாவட்டமான யமகதாவில்தான் 1989 முதல் சர்வதேச ஆவணப்பட விழா நடக்கிறது. 1992-ல் ஒகாவா இறந்துவிட்டார்.

எல்லோராலும் பதின்மூன்று வருஷம் குடியிருக்க முடியுமா? முடியாதுதான். அந்தக் குழு காசில்லாமல் பட்ட பாடு தனிக்கதை. ஆனால், 'குளிரில் நெல் போச்சு' என்ற ஒரு வரிச் செய்தியை, 'காற்று எந்தப் பக்கமாக வந்தது' என்று கேட்கவைத்தது அந்தக் காத்திருப்புதான்.

பட்டேல் ஷாட்டும் சங்கம் ஷாட்டும்

குடியேறுவதை விடவும் நல்ல வழி ஒன்று உண்டு. அந்த ஊர்க்காரர்களே கேமராவைக் கையில் எடுப்பது. எனக்கு மிகவும் பிடித்த கதை இதுதான். அதனால் கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

தெலங்கானாவில் ஜஹீராபாத் என்று ஓர் ஊர். நம்ம அருப்புக்கோட்டைப் பக்கம் மாதிரியே வானம் பார்த்த பூமி. சோளம், கம்பு, துவரை எனக் கலந்து விதைக்கும் ஊர்கள். அங்கே 1983-ல் தொடங்கிய டெக்கான் டெவலப்மென்ட் சொசைட்டி என்ற அமைப்பு, கிராமத்துப் பெண்களைச் சங்கமாகச் சேர்த்தது. பெரும்பாலும் தலித் பெண்கள். அதை நடத்தியவர்களில் ஒருவரான பி.வி.சதீஷ், தூர்தர்ஷனில் வேலை பார்த்தவர். 2023-ல் காலமானார்.

1990-களின் இறுதியில் இந்தச் சங்கத்துப் பெண்கள் சிலர் வீடியோ கேமரா கற்றுக்கொள்ள ஆரம்பித்தார்கள். பல பேருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. காட்டில் கூலி வேலை பார்த்த கை. பட்டன் மேல் இருக்கிற இங்கிலீஷ் எழுத்து யாருக்கு வேண்டும்? எந்தப் பட்டனை அழுத்தினால் என்ன நடக்கிறது என்று தெரிந்தால் போதாதா? 2001-ல் அவர்களே சேர்ந்து கம்யூனிட்டி மீடியா டிரஸ்ட் என்று அமைத்துக்கொண்டார்கள். ஹும்னாபூர் லட்சுமம்மா, சின்ன நரசம்மா போன்றவர்கள் அப்படித்தான் இயக்குநர்கள் ஆனார்கள்.

சினிமா படிக்கிற மாணவர்களுக்கு முதல் வாரத்திலேயே ஹை ஆங்கிள், லோ ஆங்கிள், ஐ லெவல் என்று சொல்லிக் கொடுப்பார்கள். எங்கள் டிப்ளமோ வகுப்பிலும் அதேதான். ஜஹீராபாத் பெண்கள் இதற்குத் தாங்களே பெயர் வைத்தார்கள். மேலிருந்து கீழே பார்க்கிற ஷாட்டுக்குப் பெயர் 'பட்டேல் ஷாட்'. பட்டேல் என்றால் அந்த ஊர்ப் பண்ணையார். கட்டிலில் உட்கார்ந்தபடி, தரையில் இருப்பவளை அவர் அப்படித்தானே பார்ப்பார்! கீழிருந்து அண்ணாந்து பார்ப்பது 'அடிமை ஷாட்'. இரண்டும் இல்லாமல், கண்ணுக்கு நேர் கண்ணாக வைப்பது 'சங்கம் ஷாட்'. சங்கத்தில் எல்லோரும் வட்டமாகத் தரையில் உட்காருவார்கள். அங்கே யாரும் யாரையும் குனிந்தோ நிமிர்ந்தோ பார்க்க வேண்டியதில்லை.

இதைப் படித்துவிட்டு நம் போட்டோ ஃபோல்டரைத் திறந்து பாருங்கள். குத்தவைத்து உட்கார்ந்திருக்கும் பெரியவரை நின்றுகொண்டு எடுத்த படம் என்ன ஷாட்? இப்போது ட்ரோன் வேறு வந்துவிட்டது. வானத்தில் இருந்தே பட்டேல் ஷாட்!

இந்தப் பெண்கள் எடுத்த படங்களில் அதிகம் பேசப்பட்டது பி.டி. பருத்தி பற்றியது. 2002 மார்ச்சில் மரபணு மாற்றப்பட்ட பி.டி. பருத்திக்கு இந்தியாவில் அனுமதி கிடைத்தது. வாரங்கல் பகுதியில் அதை விதைத்தவர்களின் காடுகளுக்கு இந்தப் பெண்கள் பருவம் முழுக்கத் திரும்பத் திரும்பப் போனார்கள். விதைத்தபோது விவசாயி முகத்தில் இருந்த நம்பிக்கை, காய் பிடிக்கும்போது வந்த சந்தேகம், எடுத்த பருத்தியை எடைபோட்டபோது வந்த கோபம் எல்லாம் ஒரே ஆளின் முகத்தில் பதிவானது. 'வாரங்கல் விவசாயிகள் ஏன் கோபமாக இருக்கிறார்கள்' என்ற அர்த்தத்தில் 2003-ல் வெளியான அந்தப் படம் பல நாடுகளில் திரையிடப்பட்டது. பி.டி. பருத்திக்கு எதிரான பக்கத்தில் நின்றுதான் அதை எடுத்தார்கள், அதை மறைக்கவும் இல்லை. அந்த விதையை ஆதரிப்பவர்களுக்கு வேறு கணக்கு உண்டு. அந்தச் சண்டை இன்னும் முடியவில்லை. ஆனால், படத்தில் பேசுகிற பருத்திக்காரரும் படம்பிடிக்கிற பெண்ணும் ஒரே பாஷையில் வரவு செலவு பேசுவதைப் பார்க்கும்போது, வெளியூரில் இருந்து மைக்கோடு போகிறவருக்கு இந்தப் பதில்கள் கிடைத்திருக்குமா என்று தோன்றும்.

வழக்குக்கு வாய்தா உண்டு, பயிருக்கு?

நம் ஊருக்குத் திரும்புவோம். ஆவணப்படம் இல்லை என்றாலும், 'கடைசி விவசாயி'யை விட்டுவிட்டு இதைப் பேச முடியாது. எம்.மணிகண்டன் எழுதி, இயக்கி, தயாரித்து, ஒளிப்பதிவும் செய்து 2022 பிப்ரவரி 11-ல் வெளியான படம். எண்பது வயதைத் தாண்டிய மாயாண்டியாக நடித்தது நல்லாண்டி என்ற நிஜ விவசாயி. படம் வெளியாகும் முன்பே அவர் இறந்துவிட்டார். 69-வது தேசிய விருதுகளில் சிறந்த தமிழ்ப்படம் என்ற விருதோடு, மறைந்த நல்லாண்டிக்குச் சிறப்புக் குறிப்பும் கிடைத்தது.

குலதெய்வத் திருவிழாவுக்காக மாயாண்டி நெல் விதைக்கிறார். செத்துக்கிடந்த மயில்களைப் புதைக்கப்போய், மயிலைக் கொன்றார் என்று வழக்கில் மாட்டிக்கொள்கிறார். கோர்ட் காவலில் வைக்கிறது. கிழவருக்கு ஜெயிலைப் பற்றிக் கவலை இல்லை; நாற்றுக்குத் தண்ணீர் யார் விடுவது என்பதுதான் கவலை. கடைசியில் ஒரு போலீஸ்காரர் வயலுக்குத் தண்ணீர் பாய்ச்ச அனுப்பப்படுகிறார். தியேட்டரில் எல்லோரும் சிரிக்கிற காட்சி அது. ஆனால், யோசித்தால் சிரிப்பு நின்றுவிடும். கோர்ட், ஆபீஸ், பேங்க் எல்லாவற்றுக்கும் வாய்தா உண்டு. நாளைக்கு வா, அடுத்த வாரம் வா என்று சொல்லலாம். பயிரிடம் சொல்ல முடியாது.

மயில் விஷயமும் கற்பனை இல்லை. விருதுநகர் மாவட்டக் காடுகளில் இன்றைக்கு விதைத்த விதையை மயில் பொறுக்குகிறது, முளைத்ததைக் காட்டுப்பன்றி கிளறுகிறது. மயில் தேசியப் பறவை, சட்டப்படி உச்சபட்சப் பாதுகாப்பு. தகரத்தைத் தட்டிக்கொண்டு காவல் இருப்பதைத் தவிர வேறு வழியில்லை.

சம்சாரியின் வருஷம்

கரிசக்காட்டில் விவசாயியை 'விவசாயி' என்று சொல்வது அபூர்வம். 'சம்சாரி' என்பார்கள். குடும்பம், மாடு, காடு, கடன், குலதெய்வம் எல்லாம் சேர்ந்த ஆள் என்று அந்த ஒரு சொல்லிலேயே வந்துவிடுகிறது. இந்த மாதிரிச் சொற்களை ஒவ்வொன்றாகப் பொறுக்கி எழுத்தாளர் கி.ராஜநாராயணன் 1982-லேயே கரிசல் வட்டார வழக்குக்கு ஓர் அகராதி போட்டார். கோவில்பட்டிக்குப் பக்கத்தில் இடைசெவலில் சம்சாரியாக இருந்துகொண்டே எழுதியவர். சொல்லுக்கு அவர் செய்ததைக் காட்சிக்கும் ஒலிக்கும் யாராவது செய்தால் என்னென்ன பதிவாக வேண்டும்?

சித்திரை, வைகாசியில் ஆரம்பிக்கலாம். ஒரு கோடை மழை விழுந்ததும் உழவு. டிராக்டருக்கு மணிக்கு இவ்வளவு என்று வாடகை. வெறுங்காடாகக் கிடக்கிற நிலத்தில் ராத்திரி ஆட்டுக்கிடை போடுவார்கள். கீதாரி கிடையை இன்றைக்கு இந்தக் காடு, நாளைக்கு அந்தக் காடு என்று மாற்றிக்கொண்டே போவார். புழுக்கையும் மூத்திரமும் மண்ணுக்கு உரம். நள்ளிரவில் நூற்றுக்கணக்கான ஆடுகள் அசைபோடும் சத்தத்தை யாராவது நல்ல மைக் வைத்துப் பதிவு செய்ய வேண்டும்.

ஆடி, ஆவணியில் காற்று. பார்க்க எதுவுமே நடக்காதது போலிருக்கும். ஆனால், வீட்டுக்குள் நடக்கும். விதை வாங்க, உழவுக்குக் கொடுக்க, வீட்டு நகை கூட்டுறவு சங்கத்துக்கோ பேங்குக்கோ போகும். பீரோவில் இருந்து சங்கிலி வெளியே வருகிற அந்த ஐந்து நிமிஷத்தை எந்தக் கேமராவும் பார்ப்பதில்லை.

புரட்டாசிதான் உச்சம். இங்கே கிரிக்கெட்டின் கடைசி ஓவரை விட டென்ஷன் அதிகம். ஏன் என்றால், கரிசலில் நல்ல மழை பெய்துவிட்டால் காட்டுக்குள் கால் வைக்க முடியாது. மாடும் இறங்காது, டிராக்டரும் இறங்காது. அதனால், மழைக்கு முன்பே காய்ந்த மண்ணில் விதைத்துவிட வேண்டும். 'புழுதி விதைப்பு' என்பது இதுதான். பருத்தி, மக்காச்சோளம், குதிரைவாலி, உளுந்து, பாசிப்பயறு எல்லாம் இப்படித்தான் மண்ணுக்குள் போகும். பின்னாலேயே நல்ல மழை வந்தால் தப்பித்தோம். வெறும் தூறல் போட்டு, விதை முளைவிட்டு, அதற்குப் பிறகு பதினைந்து நாள் வெயில் அடித்தால்? முளை கருகும். மறுபடி விதை வாங்க வேண்டும். நகை ஏற்கெனவே போய்விட்டது.

இதே சமயத்தில் திருச்சுழிக்குக் கேமராவோடு வருகிறவர்களும் உண்டு. 1879-ல் ரமண மகரிஷி பிறந்த ஊர் அல்லவா? அவர் பிறந்த வீட்டையும் திருமேனிநாதர் கோயிலையும் எடுத்துக்கொண்டு போவார்கள். ஊரைத் தாண்டி நாலு கிலோமீட்டர் போனால் ஒரு சம்சாரி, கையில் விதையோடு மேகத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பார். அதுவும் ஒருவகைத் தவம்தான்.

ஐப்பசி, கார்த்திகையில் காடு பச்சை. பெண்களின் மாதங்கள் இவை. விடியும் முன்பே தூக்குவாளியில் கஞ்சியை எடுத்துக்கொண்டு களையெடுக்கப் போகிறவர்கள், வெயில் ஏறி வரும்வரை குனிந்த தலை நிமிர மாட்டார்கள். நூறு நாள் வேலை, மில் வேலை, களையெடுப்பு எல்லாம் ஒரே ஆட்களைத்தான் போட்டி போட்டு இழுக்கும். அருப்புக்கோட்டையைச் சுற்றி நூற்பாலைகள் இருப்பதால், காலையில் கிராமத்து பஸ் ஸ்டாப்பில் நின்றால் இரண்டு தலைமுறையையும் ஒரே ஃபிரேமில் பார்க்கலாம். அம்மா களைவெட்டியோடு காட்டுப் பக்கம், மகள் சாப்பாட்டுப் பையோடு மில் வேனுக்கு. மகள் சரியான முடிவைத்தான் எடுத்திருக்கிறாள். சனிக்கிழமை சம்பளம் வருமா, மாசம் பிறந்தால் வருமா என்பதாவது அவளுக்குத் தெரியும்.

மார்கழி, தையில் அறுவடை. இங்கேதான் நம் போட்டோ ஃபோல்டர் முழுசாகத் தோற்றுப்போகிறது. 2021 ஜனவரியில் பருவம் தப்பிப் பெய்த மழையில், தென் மாவட்டங்களில் அறுவடைக்கு நின்ற பயிர்கள் வீணாயின. உளுந்து செடியிலேயே முளைத்தது. வானம் பார்த்த பூமியை வானமே கெடுத்தது! வெடித்த நிலமும் இல்லை, அண்ணாந்து பார்க்கும் பெரியவரும் இல்லை. பச்சைப் பசேல் என்று ஈரமாக இருக்கிற ஒரு காட்டைக் காட்டி, 'இது நஷ்டம்' என்று எந்தப் படத்தில் சொல்வது?

இதற்குப் பிறகு இன்ஷூரன்ஸ். 2016 முதல் பிரதமர் பயிர்க்காப்பீட்டுத் திட்டம் இருக்கிறது. ஆனால், இழப்பீடு பெரும்பாலும் உங்கள் காட்டை வைத்துக் கணக்கிடப்படுவதில்லை. கிராமம் அல்லது பிர்கா அளவில், சில வயல்களில் அறுத்துப் பார்க்கும் மகசூல் சராசரியை வைத்துத்தான். கரிசலிலோ ஒரு காட்டில் மழை பெய்யும், ஓடைக்கு அந்தப் பக்கம் தூசி பறக்கும். சராசரி என்கிற சொல்லுக்கும் நிஜமான காட்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டவரின் கதையை ஒரு போட்டோவில் அடைக்க முடியாது. ஒரு டைரியும் ஒரு வருஷமும் வேண்டும்.

மாசி, பங்குனியில் பருத்தி எடுப்பு. அது முடிந்தால் சீமைக் கருவேலம். எந்தப் பயிர் போனாலும் இந்த முள்ளுமரம் போகாது. ஊரே திட்டும், வெட்டி மூட்டம் போட்டுக் கரியாக்கி விற்று அதே ஊர் சாப்பிடும். ஃபுருயாஷிகிப் பெரியவர்கள் கரி சுட்ட கதை சொன்னார்கள் என்றேனே, இங்கே வந்திருந்தால் ஒகாவாவுக்கு வீட்டு ஞாபகம் வந்திருக்கும்.

உங்கள் போனில் இருக்கிறதே, அது போதும்

குதிரைவாலி இப்போது சென்னை சூப்பர் மார்க்கெட்டில் பளபள பாக்கெட்டில் கிடைக்கிறது. ஐ.நா. சபை 2023-ஐ சிறுதானிய ஆண்டாகவே கொண்டாடியது. அதைத் தோல் நீக்க உரலில் குத்திய பாட்டிகளில் பலர் எண்பதைத் தொட்டுவிட்டார்கள். எந்தக் காட்டுக்கு எந்த விதை, எந்த மேகம் பெய்யும், எது ஏமாற்றும், விதையைச் சாம்பலில் புரட்டி எந்தப் பானையில் வைப்பது என்பதெல்லாம் அவர்கள் தலைக்குள் இருக்கிறது. யூடியூபில் இல்லை.

இதைப் படிக்கும் உங்களில் யாருக்காவது அந்தப் பக்கம் தாத்தா, பாட்டி இருந்தால், லீவுக்குப் போகும்போது எடுங்கள். இரண்டே யோசனைகள். போனைப் படுக்கவைத்துப் பிடியுங்கள். காட்டுக்கு அகலம் வேண்டும். அவர்கள் தரையில் உட்கார்ந்திருந்தால் நீங்களும் தரையில் உட்காருங்கள், சங்கம் ஷாட்! கரிசலில் காற்று அதிகம் என்பதால் மைக்கில் இரைச்சல்தான் விழும். பேச்சை மாட்டுத் தொழுவத்துக்குள்ளோ வேப்பமர மறைவிலோ வைத்துக்கொண்டால் தப்பிக்கலாம். 'கஷ்டமா இருக்கா பாட்டி?' என்று ஆரம்பிக்காதீர்கள். 'இந்த வருஷம் என்ன போட்டிருக்கீங்க?' என்று கேளுங்கள். பேச்சு தானாக வரும்.

சித்திரைக்கு ஒரு தடவை எடுத்துவிட்டு விட்டுவிடாமல், அதே இடத்தில் நின்று ஐப்பசியில் இன்னொரு தடவை எடுங்கள். வண்டியைத் தார் ரோட்டிலேயே நிறுத்திவிடுங்கள், காட்டுப் பாதையில் இறக்கினால் திரும்ப எடுக்க டிராக்டர் பிடிக்க வேண்டியிருக்கும். செருப்பையும் கழற்றிக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். ஈரக் கரிசல் ஒவ்வொரு காலிலும் ஒரு கிலோ ஒட்டும்.